பிளக்-இன் வாங்கினேன், மெனுவில் வரவில்லை!

கேள்வி: திருப்பூர்ல பனியன் பிரிண்டிங்குக்கு டிசைன் போட்டுக் குடுக்கறனுங்க. ஆள் யாரும் இல்ல, நான் ஒருத்தன்தான். டிசைனை ஒவ்வொரு கலராப் பிரிக்கற (கலர் செபரேஷன்) போட்டோஷாப் பிளக்-இன், அதாவது கூடுதல் வசதிக்குச் சேக்கற ஃபைல் ஒண்ணு 4,500 ரூபாய்க்கு வாங்கினேன். பென் டிரைவ்ல ஒரே ஒரு 8பிஎஃப் ஃபைல்தான் இருந்துச்சு. காப்பி பண்ணி வெச்சும் ஃபில்டர் மெனுவுல பேரே வரலீங்க. வித்தவரு உங்க சிஸ்டம்தான் சரியில்லைங்கறாரு. பணத்தைத் திருப்பிக் கேக்க முடியுங்களா?

பதில்: கேட்கலாம். அதற்கு முன்னால் கோளாறு எதில் என்று நீங்களே பார்த்துவிடுங்கள்.

8பிஎஃப் என்பது விண்டோஸில் வேறு பெயரில் வரும் டிஎல்எல் ஃபைல்தான், அதாவது இன்னொரு சாஃப்ட்வேருக்குள் ஏறி வேலை செய்யும் ஃபைல். அது தனியாக ஓடாது. போட்டோஷாப் திறக்கும்போது பிளக்-இன்ஸ் ஃபோல்டரில் இருப்பதைத் தன் மெமரிக்குள் ஏற்றிக்கொள்ளும். சாஃப்ட்வேர்கள் 32 பிட், 64 பிட் என இரு வகை; ஒன்றுக்குள் ஒன்று ஏற இரண்டும் ஒரே வகையாக இருக்க வேண்டும். அதனால் 64 பிட் போட்டோஷாப்பில் 32 பிட் ஃபைல் ஏறவே ஏறாது. பெயரை மாற்றினாலும் ஏறாது. 2018 அக்டோபரில் வந்த சிசி 2019 முதல் விண்டோஸில் 32 பிட் போட்டோஷாப்பே கிடையாது. பழைய சரக்கை இன்னும் விற்றுக்கொண்டிருப்பவர்கள் இதைச் சொல்ல மாட்டார்கள்.

ஹெல்ப் மெனுவில் சிஸ்டம் இன்ஃபோவைத் திறந்து கடைசிவரை தள்ளிப் பாருங்கள். லோடு ஆகாத பிளக்-இன்களுக்கென்று அங்கே தனித் தலைப்பு இருக்கும். உங்கள் ஃபைலின் பெயர் எங்குமே இல்லையென்றால் ஃபோல்டர் மாறிப் போயிருக்கிறது. அந்தத் தலைப்பின் கீழே இருந்தால் ஃபைலில்தான் சிக்கல். உறுதி செய்ய, இலவசமாகக் கிடைக்கும் செவன்-ஜிப்பில் அந்த 8பிஎஃப்பைத் திறந்து இன்ஃபோ பட்டனை அழுத்துங்கள். சிபியு என்ற வரியில் எக்ஸ்86 என்றிருந்தால் அது 32 பிட். உங்கள் சிஸ்டத்தின் மேல் பழியில்லை. ஸ்கிரீன்ஷாட் எடுத்து வையுங்கள்.

64 பிட் ஃபைல் அல்லது பணம், இரண்டில் ஒன்று வேண்டுமென்று எழுத்தில் கேளுங்கள், வாட்ஸ்அப் போதும். மசியாவிட்டால் 1915 நுகர்வோர் உதவி எண், அதற்கும் மேல் மாவட்ட நுகர்வோர் ஆணையம். 2 ஆண்டுக்குள் போக வேண்டும். 5 லட்சம் வரையிலான பொருளுக்குக் கட்டணம் இல்லை. தொழிலுக்கு வாங்கியவர் நுகர்வோர் ஆகமாட்டார் என்று எதிர்த்தரப்பு வாதாடும். ஆனால் பிழைப்புக்காகத் தானே வைத்துச் செய்யும் சுயதொழிலுக்கு 2019 நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்தில் விலக்கு உண்டு; நீங்கள் அதில் வருவீர்கள். பில் வாங்கினீர்களா? அது இல்லாவிட்டால் பேச்சு இழுக்கும்.

பிளக்-இன் ஏற ஆன்டிவைரஸை அணைக்கச் சொன்னால் மட்டும் கேட்காதீர்கள். போட்டோஷாப் தொடும் எல்லா ஃபைலையும் அந்தப் பிளக்-இன்னும் தொடும், பையர் அனுப்பிய ஆர்ட்வொர்க் உட்பட.

கேள்வி: பில்லிங் சாஃப்ட்வேரைத் திறந்தா எம்எஸ்விசிபி140 டிஎல்எல் இல்லைன்னு வருதுங்க. போட்டுத் தர 500 ரூபாய் கேக்கறாங்க. (கோபிசெட்டிபாளையம்)

பதில்: செலவே வேண்டாம். அது விஷுவல் சி பிளஸ் பிளஸ் ரீடிஸ்ட்ரிபியூட்டபிள் தொகுப்பில் வருவது. மைக்ரோசாஃப்ட் தளத்திலேயே இலவசம். விண்டோஸ் 64 பிட்டாக இருந்தாலும் சாஃப்ட்வேர் 32 பிட் என்றால் எக்ஸ்86 தொகுப்புதான் வேண்டும், எக்ஸ்86, எக்ஸ்64 இரண்டையும் போட்டுவிடுங்கள். டிஎல்எல்லை மட்டும் தனியாகத் தரும் தளங்கள் பக்கம் போக வேண்டாம். கையால் காப்பி செய்பவர்கள் ஃபோல்டரிலும் ஏமாறுவார்கள்: 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32-இல் இருப்பது 64 பிட், சிஸ்வாவ்64-இல் இருப்பது 32 பிட்!