பிராக் யூதர் குடியிருப்பு: சனிக்கிழமைச் சுற்றுலாவில் ஏன் உள்ளே விடமாட்டார்கள்?

செக் நாட்டுப் பிராக் நகரின் பழைய யூதர் குடியிருப்பைப் பார்க்கச் சனிக்கிழமைச் சுற்றுலாவுக்குப் பதிவு செய்திருந்தால், அதை ஞாயிறுக்கு மாற்றுங்கள். உங்கள் டிக்கெட்டில் 'வெளியிலிருந்து பார்வை மட்டும்' என்று இருப்பதற்குக் காரணம் அந்தக் கிழமைதான். வெள்ளி சூரியன் மறைந்ததிலிருந்து சனி இரவு வரை யூதர்களுக்கு ஓய்வுநாள். யோசெஃபோவ் எனப்படும் அந்தக் குடியிருப்பில் யூத அருங்காட்சியகமும் பழைய கல்லறைத் தோட்டமும் சனிக்கிழமை பூட்டியிருக்கும். வழிகாட்டி தெருவில் நின்று கதை சொல்வார், அவ்வளவுதான்.

தேதியை மாற்றுமுன் நுழைவுக் கட்டணம் தொகையில் அடக்கமா, பிங்காஸ் தொழுகைக்கூடம் பட்டியலில் இருக்கிறதா என்று பாருங்கள். நாஜிகளால் கொல்லப்பட்ட ஏறக்குறைய 80,000 செக் யூதர்களின் பெயர்கள் அதன் சுவர்களில் கையால் எழுதப்பட்டிருக்கின்றன. அருகில் போனால்தான் அவை எழுத்துகள் என்றே தெரியும். அடுத்துள்ள கல்லறைத் தோட்டத்தில் இடமில்லாமல் மண்மேல் மண் போட்டுப் புதைத்ததால், கற்கள் ஒன்றன்மேல் ஒன்று சாய்ந்து நெருக்கியடித்து நிற்கின்றன. மிகப் பழைய கல் 1439ஆம் ஆண்டினது. பதினாறாம் நூற்றாண்டின் புகழ்பெற்ற யூத மதகுரு ரப்பி லோவின் கல்லறைமேல் கூழாங்கற்கள் குவிந்திருக்கும். பூ வைப்பது அங்கே வழக்கமில்லை.

தேதியை மாற்றவே முடியாவிட்டால், சனியன்று, நாஜிகள் யூதர்களை அடைத்து வைத்திருந்த தெரேசின் ஊருக்குப் போகலாம். ஒரு மணி நேரப் பயணம். அங்கும் தகன மேடைக் கட்டடம் மட்டும் சனிக்கிழமை திறக்காது.

ஓர் எச்சரிக்கை: செப்டம்பர், அக்டோபரில் யூதப் பண்டிகைகள் வரும். அப்போது ஞாயிறும் மூடியிருக்கலாம். அருங்காட்சியகத்தின் விடுமுறைப் பட்டியலைப் பார்த்துவிட்டே பணம் கட்டுங்கள்.