கேளுங்கள், சொல்கிறோம்: தரங்கம்பாடியில் வழிகாட்டியோடு ஒரு நடை

டேனிஷ்காரர்கள் 225 ஆண்டுகள் வைத்திருந்த கடற்கரை ஊர் தரங்கம்பாடி. அங்கே வழிகாட்டியை அமர்த்திக்கொண்டு நடந்து பார்ப்பது பற்றி வாசகர்கள் அனுப்பிய கேள்விகளில் சிலவற்றுக்கு இந்த வாரம் பதில் சொல்கிறோம்.

தரங்கம்பாடியை இருபது நிமிடத்தில் நடந்து முடித்துவிடலாம் என்கிறார்கள். அதற்குத் தனியாக ஒரு வழிகாட்டி தேவையா?
– வாசகர், கும்பகோணம்

நடந்து முடிக்க இருபது நிமிடம் கூட ஆகாது. ஊர் நுழைவாயிலில் தொடங்கி ராஜ வீதியில் நேராகக் கிழக்கே நடந்தால் அரை கிலோமீட்டர் சொச்சத்தில் கடல் வந்துவிடும். வழியில் ஒரு வெள்ளை வாசல், இரண்டு தேவாலயங்கள், தூண் வைத்த பெரிய வீடுகள், கடைசியில் கோட்டை. வருகிறவர்களில் பாதிப் பேர் இவற்றின் முன்னால் படம் எடுத்துக்கொண்டு, சுண்டல் வாங்கித் தின்றுவிட்டுத் திரும்பிவிடுகிறார்கள்.

ஆனால் அந்த வாசலிலேயே பத்து நிமிடம் நிற்க விஷயம் இருக்கிறது. அதில் பொறித்திருக்கும் ஆண்டு 1792. ஊரோ 1620-ல் டேனிஷ்காரர் கைக்கு வந்தது. நடுவில் 172 ஆண்டு இருக்கிறதே என்று கேட்டால்தான், முன்பு இருந்த வாசலை மாற்றி ஆளுநர் பீட்டர் ஆங்கர் காலத்தில் கட்டியது இது என்பது தெரியவரும். வாசல் இருந்தால் மதிலும் இருந்திருக்க வேண்டும். ஊரைச் சுற்றி ஓடிய அந்த மதில் எங்கே போயிற்று, எந்தத் தெருவோடு முடிந்தது என்று இடத்தைக் காட்டிச் சொல்ல ஆள் வேண்டும். கோட்டையும் அப்படித்தான். அதைச் சுற்றி ஒரு காலத்தில் அகழி இருந்தது, தூக்குப்பாலம் வழியாகத்தான் உள்ளே போக முடியும். இன்று அங்கே நிற்பவருக்கு அது தானாகத் தெரிய வழியே இல்லை.

தெரிந்தவரோடு போனால் இரண்டரை மணி முதல் மூன்று மணி நேரம் பிடிக்கும். ஒரு மணி நேரத்தில் எல்லாம் காட்டிவிடுகிறேன் என்று சொல்பவரோடு போவதைவிட நீங்களே நடந்து பார்ப்பது மேல்.

காலையில் போவதா, மாலையிலா? எங்கிருந்து நடையைத் தொடங்குவது?
– வாசகி, திருச்சி

பெரும்பாலோர் சறுக்குவது இந்த இடத்தில்தான். வெயிலுக்கு முன் முடித்துவிடலாம் என்று ஆறரை மணிக்கே வந்து நிற்பார்கள். தெருவில் நடக்க அது அருமையான நேரம்தான். கோட்டை அருங்காட்சியகம் திறக்க இன்னும் சில மணி நேரம் ஆகும். எட்டரைக்கே நடை முடிந்துவிடும், கோட்டைக்குள் போகாமலே ஊர் திரும்புவார்கள். வெள்ளிக்கிழமை அருங்காட்சியகத்துக்கு வார விடுமுறை என்பதையும் நினைவில் வையுங்கள். ஞாயிறு காலையில் தேவாலயங்களில் ஆராதனை நடக்கும், அந்த நேரத்தில் உள்ளே சுற்றிப் பார்க்கப் போகக்கூடாது. சனிக்கிழமையோ வேலை நாளோ வசதி. பண்டிகை நாட்களில் மட்டும் முன்கூட்டியே விசாரித்துக்கொள்ளுங்கள்.

வெளிச்சத்தையும் கணக்கில் எடுக்க வேண்டும். ஊர் மேற்கில் வாசல், கிழக்கில் கடல் என்று அமைந்திருக்கிறது. காலையில் வாசலிலிருந்து கடலை நோக்கி நடந்தால் சூரியன் கண்ணுக்கு நேரே இருக்கும். படங்கள் எல்லாம் கருத்துப் போகும், முகத்தில் கை வைத்துக்கொண்டே நடக்க வேண்டும். அதனால் காலை நடையைக் கடற்கரையில் தொடங்குங்கள். கோட்டையின் கடல் பக்கத்துச் சுவர், மாசிலாமணிநாதர் கோயில் எல்லாம் கிழக்கு வெயிலில் நன்றாகத் தெரியும். பிறகு வெயிலை முதுகில் வாங்கிக்கொண்டு ராஜ வீதியில் மேற்கே நடந்து வாசலில் முடிக்கலாம். சிற்றுண்டிக்குப் பொறையாறு இரண்டு மூன்று கிலோமீட்டர்தான். சாப்பிட்டுவிட்டு வந்தால் கோட்டை திறந்திருக்கும்.

மாலை என்றால் மூன்று மணிக்கு முதலில் கோட்டை, மூடுவதற்குள் ஒரு மணி நேரம் தாராளமாக. அதன்பின் தெருவழியே மேற்கு வாசல் வரை போய், திரும்பும்போது கிழக்கே பார்த்து நடந்தால் சாயங்கால வெளிச்சம் வீட்டு முகப்புகளில் விழும். வாசலின் வெளிப்புறம் மேற்கு பார்த்தது, அதற்கும் அந்த நேரம்தான் நல்லது.

எங்களைக் கேட்டால் மாலை நடையைத்தான் சொல்வோம். ஜனவரி, பிப்ரவரி மாதங்கள் உத்தமம். அக்டோபர் முதல் டிசம்பர் நடுப்பகுதி வரை வடகிழக்குப் பருவமழையும் புயல் எச்சரிக்கையும் திட்டத்தைக் கலைத்துவிடும். மே மாதத்தில் நண்பகல் நடை வேண்டவே வேண்டாம். ஆளுக்கு ஒரு லிட்டர் தண்ணீர், தலைக்குத் தொப்பி அல்லது குடை, மணல் புகுந்தாலும் உதறிப் போட்டுக்கொள்ளக்கூடிய செருப்பு போதும்.

வழிகாட்டியை எப்படித் தேர்ந்தெடுப்பது? போன முறை வேறொரு ஊரில் ஒருவர் பாதி நேரம் கடைகளுக்கே கூட்டிப் போனார். கட்டணத்திலும் தகராறு வந்தது.
– வாசகர், கோயம்புத்தூர்

மத்திய சுற்றுலா அமைச்சகமோ மாநில சுற்றுலாத் துறையோ கொடுத்த அடையாள அட்டை இருக்கிறதா என்று முதலில் கேளுங்கள். கேட்பதில் கூச்சமே வேண்டாம், முறையான வழிகாட்டி கழுத்திலேயே மாட்டியிருப்பார். அட்டை இல்லாத உள்ளூர்க்காரரிலும் ஊரைக் கரைத்துக் குடித்தவர்கள் உண்டு. அட்டை இருப்பதாலேயே தரங்கம்பாடி தெரியும் என்றும் ஆகிவிடாது. தஞ்சாவூர்க் கோயில்களைப் பிரமாதமாகச் சொல்பவர் இங்கே வந்து திணறுவதுண்டு.

ஆகவே போனில் பேசும்போதே இரண்டு கேள்விகளைப் போட்டுப் பாருங்கள். 'சீயோன் ஆலயத்துக்கும் புதிய எருசலேம் ஆலயத்துக்கும் என்ன வித்தியாசம்?' என்பது ஒன்று. 1701-ல் கட்டிய சீயோன் டேனிஷ்காரர்கள் தங்களுக்காக வைத்துக்கொண்டது. 1718-ல் கட்டிய புதிய எருசலேம், ஜெர்மன் மதபோதகர் சீகன்பால்க் தமிழ்ச் சபைக்காக எழுப்பியது. அவர் 1719-ல் இறந்தபோது அடக்கம் செய்யப்பட்டதும் அங்கேதான், பலிபீடத்துக்கு முன்னால். அடுத்தது, '1845-ல் என்ன நடந்தது?' இந்தியாவில் இருந்த தங்கள் குடியேற்றங்களை டென்மார்க் பன்னிரண்டரை லட்ச ரூபாய்க்கு ஆங்கிலக் கிழக்கிந்தியக் கம்பெனிக்கு விற்றது அந்த ஆண்டில். இந்த இரண்டுக்கும் தயங்காமல் பதில் சொல்கிறவர் மூன்று மணி நேரத்துக்கும் சரக்கு வைத்திருப்பார்.

கட்டணத் தகராறு வருவதற்குக் காரணம் பெரும்பாலும் ஒன்றே: சொன்ன தொகை ஆளுக்கா, குழுவுக்கா என்று யாரும் கேட்பதில்லை. நடைக்கு முந்தின நாளே இவற்றை வாட்ஸ்அப்பில் எழுத்தாக வாங்கிவிடுங்கள்: மொத்தத் தொகை, எத்தனை பேருக்கு, எத்தனை மணி நேரம், நுழைவுச் சீட்டு அதில் சேர்த்தியா, எந்த மொழியில் பேசுவார், மழை வந்தால் என்ன செய்வது. கடைக்குக் கூட்டிப் போக வேண்டாம் என்பதையும் அதே செய்தியில் மரியாதையாகச் சொல்லிவிடலாம். முழுப் பணத்தையும் முன்னதாகக் கொடுக்காதீர்கள். பதிவுக்கு ஒரு சிறு தொகை, மீதி நடை முடிந்த கையோடு.

எட்டுப் பேருக்கு மேல் போகாதீர்கள். கடற்காற்றில் பின்னால் வருபவர்களுக்குப் பேச்சு கேட்காது. பெரிய குடும்பமாக இருந்தால் இரண்டாகப் பிரித்து, ஒரு பிரிவு கோட்டைக்குள் இருக்கும்போது மற்றது தெருவில் நடக்கலாம்.

'இந்தக் கடற்கரையில் ஓசோன் காற்று அதிகம், உடம்புக்கு நல்லது' என்று வழிகாட்டி சொன்னார். 'பாடும் அலைகளின் ஊர்', 'தமிழில் முதல் புத்தகம் அச்சான இடம்' என்றும் சொன்னார். எல்லாம் நிஜமா?
– வாசகி, மதுரை

மூன்றையும் எடுத்துக் கேட்டதற்கு நன்றி. மூன்றுமே திருத்தப்பட வேண்டியவை.

ஓசோனில் தொடங்குவோம். வானத்தில் உயரே இருக்கும் ஓசோன் படலம் புற ஊதாக் கதிரைத் தடுத்து நம்மைக் காக்கிறது. அதே வாயு தரைமட்டத்தில், நாம் மூச்சு விடும் காற்றில் கூடினால் நுரையீரலை உறுத்தும், ஆஸ்துமா உள்ளவர்களுக்குக் கெடுதல். கடற்கரையில் மூக்குக்குப் படும் அந்தத் தனி வாசம் பெரிதும் டைமெத்தில் சல்ஃபைடு என்ற சேர்மத்தினுடையது. கடலின் நுண்பாசிகளிலிருந்து அது உண்டாகிறது. காற்று வாங்கத் தரங்கம்பாடிக்குத் தாராளமாகப் போகலாம். மூச்சுக் கோளாறு உள்ளவர்களை வைத்தியம் என்று சொல்லி அழைத்துப் போகாதீர்கள்.

பெயர் விஷயம் சுவாரசியமானது. தரங்கம் என்றால் அலை, அது சரி. 'பாடி' பாட்டு பாடுவதிலிருந்து வந்ததில்லை. வாணியம்பாடியிலும் எடப்பாடியிலும் இருக்கும் அதே பாடிதான், குடியிருப்பு என்று பொருள். அலை பாடுகிறது என்பது பின்னால் சேர்த்த அழகான அர்த்தம், விளம்பரப் பலகைக்குப் பொருந்தும். இன்னொன்று, கடற்கரை மாசிலாமணிநாதர் கோயில் கல்வெட்டில் ஊரின் பெயர் சடங்கன்பாடி என்றும் குலசேகரன்பட்டினம் என்றும் வருகிறது. டேனிஷ்காரர்கள் இதையெல்லாம் விட்டுத் தங்கள் வாய்க்கு வந்தபடி டிராங்கபார் என்றார்கள்.

அச்சு பற்றியது பெருமைக்குரிய செய்தி, ஆனால் சரியாகச் சொல்ல வேண்டும். தமிழ் எழுத்தில் அச்சான 'தம்பிரான் வணக்கம்' 1578-லேயே கொல்லத்தில் வெளிவந்தது, போர்ச்சுக்கீசிய இயேசு சபைத் துறவி அண்ட்ரிக் அடிகளார் செய்தது. சீகன்பால்க் இங்கே வந்து இறங்கியது 1706 ஜூலையில். ஜெர்மனியின் ஹாலே நகரிலிருந்து 1713-ல் தமிழ் எழுத்துகள் வந்து சேர்ந்தன. 1715-ல் புதிய ஏற்பாடு தமிழில் அச்சாகி முடிந்தது. விவிலியத்தின் புதிய ஏற்பாடு இந்திய மொழி ஒன்றில் முழுமையாக அச்சானது அதுவே முதல் தடவை. காகிதத் தட்டுப்பாடு வாட்டியதால் பொறையாறு பக்கம் காகிதம் செய்யும் பட்டறையும் வைத்தார்கள், கடுதாசிப் பட்டறை என்ற இடப்பெயர் அதன் மிச்சம். நல்ல வழிகாட்டியானால் இந்தப் பெயரை அவரே எடுத்துச் சொல்லிவிடுவார்.

இங்குள்ள ஆலயத்தை 'இந்தியாவின் முதல் புராட்டஸ்டண்ட் தேவாலயம்' என்று யாராவது சொன்னால், சென்னைக் கோட்டைக்குள் இருக்கும் புனித மேரி ஆலயம் 1680-ஐச் சேர்ந்தது என்பதை நினைவுபடுத்துங்கள்.

தஞ்சை மன்னர் ரகுநாத நாயக்கர் டென்மார்க் அரசருக்கு எழுதிய தங்க ஓலையைக் கோட்டையில் பார்க்க முடியுமா?
– வாசகர், தஞ்சாவூர்

முடியாது. மூலம் கோபன்ஹேகனில், டென்மார்க் தேசிய ஆவணக் காப்பகத்தில் இருக்கிறது. பனையோலை வடிவில் வெட்டிய தங்கத் தகட்டில், நான்காம் கிறிஸ்டியன் அரசருக்கு எழுதியது. கோட்டை அருங்காட்சியகத்தில் பீங்கான், கண்ணாடிச் சாமான்கள், சுடுமண் பொருட்கள், பீரங்கிக் குண்டுகள் போன்றவை இருக்கின்றன. அவற்றைவிட அறைகளையே கவனியுங்கள் என்போம். கீழே கிடங்கு, வெடிமருந்து அறை, சிறை. மேலே ஆளுநரும் பாதிரியாரும் குடியிருந்த பகுதி. கீழறைகளின் வளைந்த கூரையடியில் நின்று மேலே பாருங்கள், இத்தனை பளுவை எது தாங்குகிறது என்று புரியும்.

எழுபத்து நான்கு வயது அம்மாவுக்கு முழங்கால் வலி. அழைத்துப் போகலாமா?
– வாசகி, பாண்டிச்சேரி

அழைத்துப் போங்கள். ராஜ வீதி சமதளம். தொல்லை தருவன மூன்று: கோட்டையின் மேல்தளப் படிகள், கடற்கரை மணல், அலைதடுப்புக்குப் போட்ட பாறைகள். கோட்டையில் கீழ்த்தளத்தோடு நிறுத்திக்கொள்ளலாம். வழிகாட்டியிடம் முன்பே சொல்லி, உட்காரும் இடங்களாக நான்கைந்தைக் குறிக்கச் சொல்லுங்கள். காரை கோட்டைக்கு முன்னால் உள்ள திடலருகே நிறுத்தினால் நடை பாதியாகக் குறையும். பொற்கொல்லர் தெருவில் திண்ணை வைத்த பழைய தமிழ் வீடுகள் சிலவற்றைச் சீர்செய்திருக்கிறார்கள். அம்மாவுக்கு அது டேனிஷ் மாளிகைகளைவிடப் பிடித்துப்போகலாம்.

ரயிலில் வரலாமா?
– வாசகர், சென்னை

தரங்கம்பாடிக்கே ரயில் போன காலம் உண்டு. மயிலாடுதுறையிலிருந்து வந்த அந்தக் குறுகலான கிளைப்பாதை 1980-களில் மூடப்பட்டது. இப்போது மயிலாடுதுறையில் இறங்கிச் சுமார் 30 கிலோமீட்டர் பேருந்தில் வர வேண்டும். சிதம்பரம்–காரைக்கால் சாலையில் பேருந்துக்குக் குறைவில்லை. நடத்துநரிடம் தரங்கம்பாடி நிறுத்தத்தைச் சொல்லிவிடுங்கள், இல்லாவிட்டால் பொறையாறு வரை இழுத்துக்கொண்டு போய்விடும்.

மாசிலாமணிநாதர் கோயில் கடலுக்குள் போய்விட்டதாகப் படித்தேன். என்ன மிச்சம் இருக்கிறது?
– வாசகர், சீர்காழி

மாறவர்மன் குலசேகர பாண்டியன் காலத்தில், 1306-ல் எழுந்த கோயில் அது. கடல் அரித்து அரித்து முன்பகுதி போயிற்று. மிஞ்சியதைத் திருப்பணி செய்து வழிபாடு நடக்கிறது, கரையில் பாறை கொட்டி அலையைத் தடுத்திருக்கிறார்கள். ஊருக்குள் வந்த கடலை அளந்து பார்க்க இதைவிட நல்ல இடம் இல்லை. 2004 சுனாமியில் இந்த ஊர் பட்ட பாட்டையும் இங்கே நின்றுதான் கேட்க வேண்டும். மீனவக் குடும்பங்களிடம் அதைத் துருவித் துருவிக் கேட்காதீர்கள், வழிகாட்டி சொல்லும் அளவில் போதும். பாறைகளில் பாசி வழுக்கும், பிள்ளைகளை ஏறவிட வேண்டாம். இங்கே குளிப்பதும் ஆபத்து. கோயில் நடை திறந்திருக்கும் நேரத்தை வழிகாட்டியிடம் கேட்டு, காலை நடையின் முதல் நிறுத்தமாக இதை வைத்துக்கொள்ளுங்கள்.