தாமதப் பணிக்கொடைக்கு வட்டி கேட்கலாம்

ஐயா, தேவகோட்டை அரசுப் பள்ளியில் ஓய்வு பெற்ற உங்கள் அம்மாவுக்குப் பணிக்கொடை (கிராஜுவிட்டி) 10 லட்சம், 14 மாதம் கழித்து வட்டியில்லாமல் வந்தது என்கிறீர்கள். செட்டிநாட்டுக்காரர் வட்டியை விடலாமா! பணிக்கொடை அரசு போடும் பிச்சையல்ல, தாமதித்தால் வட்டி தர வேண்டும் என்று கேரள அரசு ஊழியராக இருந்து ஓய்வு பெற்ற பத்மநாபன் நாயர் வழக்கில் 1984-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அவர் கேட்டது ஆண்டுக்கு 12 சதவீதம், கிடைத்தது 6 சதவீதம்தான். ஓய்வுக்குப்பின் இரண்டு மாதம் தள்ளிக் கணக்கு. அதன்படி உங்களுக்கு 60,000 ரூபாய்.

ஆனால் தாமதம் யாரால்? அதில்தான் மடக்குவார்கள். ஓய்வூதியக் கருத்துரு, அதாவது ஓய்வூதியம் கேட்டு அலுவலகம் அனுப்பும் கோப்பு, அதற்கு ஒப்புதல் தரும் மாநிலக் கணக்காயருக்கு (ஏ.ஜி.) என்றைக்குப் போனது என்று தகவல் உரிமைச் சட்டத்தில் முதலில் கேளுங்கள். என் பணிப்பதிவேடு ஒரே மேசையில் ஆறு மாதம் தூங்கியது அப்படித்தான் தெரிந்தது. அப்புறம் துறைக்கு மனு. அசையாவிட்டால் உயர் நீதிமன்ற மதுரைக் கிளை.