மறுமதிப்பீட்டை நம்பி அரியரை விடாதீர்கள்

கேள்வி: என் மகள் பி.எஸ்சி. கடைசி செமஸ்டரில் ஒரு தாளில் 4 மதிப்பெண்ணில் தோல்வி. கெடு முடிவதற்குள் மறுமதிப்பீட்டுக்குப் பணம் கட்டியாயிற்று. ஐந்து மாதமாக முடிவு இல்லை. அலுவலகத்தில் விரட்டாத குறை. ஆஃபர் லெட்டர் கைநழுவும் நிலை. நுகர்வோர் ஆணையத்தில் நஷ்டஈடு கேட்கலாமா? தோல்வியை ஒப்புக்கொண்டதாகிவிடும் என்பதால் அரியருக்குப் பணம் கட்டவில்லை.

பதில்: நுகர்வோர் ஆணையம் வேண்டாம். தேர்வு விஷயத்தில் மாணவர் நுகர்வோர் அல்ல என்று உச்ச நீதிமன்றம் 2009லும் 2010லும் சொல்லிவிட்டது. கவுன்டர்க்காரர் எரிந்து விழுந்ததற்கு மனுவில் இடமில்லை.

உங்கள் கடிதத்தில் உயிருள்ள விஷயம், கெடுவுக்குள் பணம் கட்டியது. மறுமதிப்பீடு விதியில் இருந்தால்தான் உண்டு. இருந்து, பணமும் வாங்கிவிட்டால் முடித்துத் தருவது பல்கலைக்கழகத்தின் கடமை. ரசீதை இணைத்துத் தேர்வுக் கட்டுப்பாட்டாளருக்கு எழுத்தில் கேளுங்கள். கையெழுத்து மகளுடையது, உங்களுடையது அல்ல. மாணவர் குறைதீர்க் குழுவுக்கும் ஒரு புகார். அதில் 'மதிப்பெண் குறைவு' என்று எழுதாதீர்கள், ஓரமாக வைத்துவிடுவார்கள். 'முடிவு தாமதம்' என்று எழுதுங்கள். யுஜிசியின் 2023 விதிமுறைகளில் அது ஒரு குறையாகவே சொல்லப்பட்டிருக்கிறது. அப்புறம்தான் அரசியலமைப்பின் 226ஆவது பிரிவில் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு.

ரிட்டில் பெரும்பாலும் 'இத்தனை வாரத்துக்குள் முடிவெடு' என்ற உத்தரவுதான் வரும். விடைத்தாளை நீதிபதி திருத்தமாட்டார்.

எனக்குப் பயம் அந்த அரியர் விஷயத்தில்தான். என்னிடம் வந்த ஒரு மாணவர் இதே காரணம் சொல்லி அரியர் எழுதவில்லை. ரிட் போட்டு உத்தரவும் வாங்கினார். முடிவு வந்தது: மதிப்பெண்ணில் மாற்றமில்லை. அதற்குள் அரியர் தேர்வு முடிந்துபோயிருந்தது. கையில் உத்தரவை வைத்துக்கொண்டு அடுத்த தேர்வுவரை காத்திருந்தார். தேர்வு எழுதவிடும்படி இடைக்கால உத்தரவு வாங்கலாமே என்பார்கள். தேர்வுக்கு முந்தைய நாள் அதற்காக நீதிமன்றத்துக்கு ஓடுவதைவிட இன்று அரியர் கட்டணம் கட்டுவது மலிவு. கட்டும்போதே, 'மறுமதிப்பீட்டு விண்ணப்பத்தைக் கைவிடவில்லை' என்று ஒரு கடிதம் கொடுத்து முத்திரையோடு நகல் வாங்கிக்கொள்ளுங்கள். ஒப்புக்கொண்டதாக ஆகிவிடும் என்ற கவலை அதோடு தீர்ந்தது.

விடைத்தாள் நகலை இன்னும் வாங்கவில்லை என்றால் உடனே தகவல் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். திருத்திய விடைத்தாளைப் பார்க்கும் உரிமையை 2011இல் உச்ச நீதிமன்றம் உறுதிசெய்தது. ஆனால் விடைத்தாளை வைத்திருக்கும் காலம்வரைதான் அந்த உரிமை. கழித்துவிட்டால் கேட்டுப் பயனில்லை. நகல் வந்ததும் பாடம் தெரிந்த ஆசிரியர் ஒருவரிடம் காட்டுங்கள். 4 மதிப்பெண் தேறாது என்று அவர் சொன்னால் ரிட்டை மறந்துவிட்டு, மகளைப் படிக்க விடுங்கள்.

வேலைக்கு நஷ்டஈடு தேறுவது கடினம். 'மறுமதிப்பீடு நிலுவையில் உள்ளது' என்று கட்டுப்பாட்டாளரிடம் ஒரு கடிதம் வாங்கி, நிறுவனத்திடம் அவகாசம் கேளுங்கள். கடிதம் தருகிறோம், இரண்டு வாரத்தில் முடிவும் தருகிறோம் என்று பல்கலைக்கழகத்தார் இறங்கிவந்தால், வக்கீல் நோட்டீஸ் விடாமல் வாங்கிக்கொண்டு வாருங்கள்.