கெய்க்வாட் முதுகு காட்டிய படத்துண்டு: எப்படிப் பார்ப்பது?

கேள்வி: 1911 டெல்லி தர்பாரில் (பிரிட்டிஷ் மன்னருக்கு இந்திய மன்னர்கள் வணக்கம் செலுத்திய விழா) பரோடா மன்னர் சாயாஜிராவ் கெய்க்வாட், ஐந்தாம் ஜார்ஜை அவமதித்த காட்சி என்று ஒரு பழைய படத்துண்டு வாட்ஸ்அப்பில் வந்தது. வகுப்பில் காட்டலாமா? வேண்டுமென்றே செய்தார் என்று சொல்லலாமா?

பதில்: தாராளமாகக் காட்டுங்கள். ஆனால் முதலில் வேகத்தைச் சரிபாருங்கள். அன்று கேமராவைக் கையால் சுற்றினார்கள். விநாடிக்குச் சுமார் 16 படங்கள். அதை 24 படம் வேகத்தில் ஓட்டினால் மூன்று விநாடி வணக்கம் இரண்டே விநாடியில் முடிந்துவிடும். நிதானமாகக் குனிந்தவர்கூட வெடுக்கென்று தலையாட்டிவிட்டுப் போவதுபோலத் தெரிவார். ஒரு மனிதரின் மரியாதையை எடைபோடும் காட்சியில் இது சின்ன விஷயமே இல்லை. துண்டில் காலாட்படை அணிவகுப்பு இருந்தால் ஒரு சிப்பாயின் காலடிகளை எண்ணுங்கள். பிரிட்டிஷ் படையின் வழக்கமான நடை நிமிடத்துக்கு 120 காலடி, அதாவது பத்து விநாடிக்கு 20. முப்பது வந்தால் படம் ஒன்றரை மடங்கு வேகத்தில் ஓடுகிறது. குறைத்துவிட்டு மறுபடி பாருங்கள்.

அப்புறம், எந்த தர்பார் என்று பாருங்கள். 1903 தர்பாருக்கு பிரிட்டிஷ் மன்னர் வரவே இல்லை. வைஸ்ராய் கர்சன்தான் யானைமேல் வந்தார். 1911இல் ஜார்ஜ் டெல்லிக்குள் குதிரையில் நுழைந்தார். துண்டு வண்ணத்தில் இருந்தால் கூடுதல் கவனம் தேவை. சார்லஸ் அர்பன் என்ற படத் தயாரிப்பாளர் கினிமாகலர் என்ற ஆரம்பகால வண்ணப்பட முறையில் அந்த தர்பாரை எடுத்தது உண்மை. ஆனால் அதில் பெரும்பகுதி அழிந்துவிட்டது. உங்களிடம் இருப்பது இப்போது கணினியில் நிறமேற்றியதாக இருக்கவே வாய்ப்பு அதிகம்.

சரி, வேண்டுமென்றே செய்தாரா? மூன்று முறை குனிந்து, முதுகு காட்டாமல் பின்னோக்கி நடக்க வேண்டும் என்பது விதி. அவர் ஒரே முறை குனிந்துவிட்டுத் திரும்பி நடந்தார் என்பதுதான் குற்றச்சாட்டு. அவர்மேல் ஆங்கிலேயருக்கு ஏற்கெனவே சந்தேகம். ஆங்கிலேய ஆட்சியை எதிர்த்த அரவிந்தர் பல ஆண்டுகள் அவருடைய பரோடா அரசுப் பணியில் இருந்தவர். அதனால் லண்டன் பத்திரிகைகள் கொதித்தன. கெய்க்வாட் வைஸ்ராய் ஹார்டிஞ்சுக்கு விளக்கக் கடிதம் எழுதினார்: தனக்கு முன் சென்றவர் ஹைதராபாத் நிஜாம் மட்டுமே, அவர் செய்ததைச் சரியாகக் கவனிக்க முடியவில்லை, பதற்றமும் சேர்ந்துகொண்டது என்று.

படம் காட்டுவது அசைவை மட்டும்தான். மனதில் இருந்ததை அதிலிருந்து எடுக்க முடியாது, எடுத்துச் சொல்லவும் கூடாது என்பது என் உறுதியான கருத்து. நிஜாம் வருவது முதல் அடுத்த மன்னர் போவது வரை வெட்டாத துண்டு கிடைத்தால் அதையே போடுங்கள். கெய்க்வாடின் கடிதத்தையும் கூடவே வாசிக்கக் கொடுங்கள்.