பிஸ்கட் விளம்பரமும் பிரையன் காக்ஸும்

வணக்கம் சார்,

'சக்ஸஷன்' தொடரை இப்போதுதான் பார்த்து முடித்தேன். கோபக்கார ஊடக அதிபர் லோகன் ராயாக வரும் பிரையன் காக்ஸைப் பற்றித் தேடியபோது, தொடர் தொடங்கும்போது அவருக்கு 72 வயது என்று தெரிந்தது. இவ்வளவு திறமையை உலகம் அதுவரை கண்டுகொள்ளவில்லையே என்று வருத்தமாக இருந்தது. கூடவே ஓர் ஆறுதலும். எனக்கு 41 வயது. பகலில் அலுவலகம், மாலையில் நாடக ஒத்திகை, அவ்வப்போது டப்பிங்கில் கூட்டத்தோடு ஒரு குரல். அவருக்கு 72இல் வந்தது எனக்கும் வரலாம் அல்லவா? ஆனால் அவர் அமெரிக்காவில் மெக்டொனால்ட்ஸ் விளம்பரங்களுக்குக் குரல் கொடுப்பதைக் கேட்டதும் சுருக்கென்றது. அவருக்கு இது தேவையா? இதைக் கேட்க ஒரு சொந்தக் காரணமும் உண்டு. என்னை ஒரு பிஸ்கட் விளம்பரத்துக்குக் குரல் கொடுக்கக் கூப்பிட்டிருக்கிறார்கள். நாடகக் குழுவில் கிண்டல் தாங்கவில்லை.

ர., சென்னை

அன்புள்ள ர.,

பிஸ்கட்டுக்குக் கடைசியில் வருகிறேன். முதலில் அந்த 72 வயதுக் கணக்கைச் சரி செய்துவிடுவோம்.

லண்டன் நாடக உலகின் பெரிய மரியாதையான ஒலிவியே விருதை காக்ஸ் முதலில் வாங்கியது 1984இல். நான்கு வருடம் கழித்து இன்னொன்று. நியூரம்பர்க் விசாரணை பற்றிய தொலைக்காட்சித் தொடரில் நாஜித் தலைவர் கோரிங்காக நடித்ததற்கு 2001இல் அமெரிக்கத் தொலைக்காட்சி விருதான எம்மி. இதையெல்லாம் அலமாரியில் வைத்திருக்கும் மனிதரை உலகம் கண்டுகொள்ளவில்லை என்று எப்படிச் சொல்வது? நம் வீட்டு டிவிக்கு அவர் வந்து சேரத்தான் தாமதமாயிற்று. என் கதையும் அதுதான். எத்தனையோ படங்களில் அவரைப் பார்த்திருந்தும், பெயரைத் தேடிப் படித்தது 'சக்ஸஷன்' வந்த பிறகு.

அவர் பிறந்தது 1946இல், ஸ்காட்லாந்தின் கிழக்குக் கரையில் உள்ள டண்டீயில். நம் வீட்டு அரிசிச் சாக்குக்கு அந்த ஊரோடு ஒரு தூரத்து உறவு உண்டு. வங்காளத்திலிருந்து கப்பலேறிய சணலைத் திமிங்கில எண்ணெய் விட்டு இளக்கி, நூற்று, நெய்து உலகத்துக்கே விற்ற ஊர் அது. பிறகு அந்தத் தொழில் கல்கத்தாவுக்குப் போனது. டண்டீக்காரர்கள் பலர் அதன் பின்னாலேயே மேற்பார்வை வேலைக்குக் கப்பலேறினார்கள். அந்தக் கதையைத் தேடி காக்ஸ் கல்கத்தா வரை வந்து, 2009இல் பிபிசிக்கு ஓர் ஆவணப்படம் செய்திருக்கிறார். அவருடைய அம்மாவே சணல் ஆலையில் நூற்றவர்தான்.

ஐந்து பிள்ளைகளில் இவர் கடைசி. அப்பா கடை வைத்திருந்தார். புத்தாண்டு இரவில் வீடு நிறைய விருந்தாளிகள் இருக்கும்போது, தூங்கும் குழந்தையை எழுப்பிக்கொண்டு வந்து ஜன்னலோரம் நிறுத்திவிடுவாராம். குழந்தை அல் ஜால்சன் என்ற அமெரிக்கப் பாடகரைப் போலப் பாடிக்காட்டும். அந்த ஜன்னல்தான் தன் முதல் மேடை என்று காக்ஸ் பல பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். இவருடைய எட்டு வயதில் அப்பா இறந்துவிட்டார். அம்மாவுக்கு மனநிலை குலைந்தது. அக்காவும் அத்தை சித்திமாரும் வளர்த்தார்கள். மீன் வறுக்கும் கடைக்குப் போய், எண்ணெய்ச் சட்டியில் உதிர்ந்து மிதக்கும் மாவுப் பொரிசல்களைக் கேட்டு வாங்கி வந்த நாட்களும் அதில் உண்டு.

பதினான்கு பதினைந்து வயதில் டண்டீ ரெப்பர்ட்டரி தியேட்டருக்கு வேலை கேட்டுப் போகிறார். போன முதல் நாளே படிக்கட்டில் அடிதடி. கைகலப்பில் இருந்தவர்களில் ஒருவர், பின்னாளில் பெரிய நடிகரான நிக்கல் வில்லியம்சன். வேறு பையனாக இருந்தால் திரும்பி ஓடியிருப்பான். இவருக்கோ வீடு வந்து சேர்ந்த மாதிரி இருந்திருக்கிறது. மேடையைத் துடைப்பது, ஓடிப்போய் எதையாவது வாங்கி வருவது, நடுநடுவே ஒரு சின்ன வேடம். இதுதான் தொடக்கம். 1963இல் அந்தக் கட்டடம் தீப்பிடித்து எரிந்துபோனது. அதே வருடம் இவர் லண்டனில் லாம்டா நடிப்புப் பள்ளியில் சேர்ந்தார். அங்கிருந்து எடின்பரோ, பர்மிங்காம், மறுபடி லண்டன். ரெப்பர்ட்டரி என்றால் சில வாரங்களுக்கு ஒரு புது நாடகம். இரவில் ஒன்றை நடித்துக்கொண்டே பகலில் அடுத்ததற்கு ஒத்திகை பார்க்க வேண்டும். நட்சத்திரக் கனவுக்கெல்லாம் நேரம் கிடைத்திருக்காது.

இனி குரல். 1986இல் வந்த 'மேன்ஹன்டர்' படத்தைப் பாருங்கள். நரமாமிசம் தின்னும் கொலைகாரன் ஹானிபல் லெக்டர் என்றால் எல்லோருக்கும் ஆன்டனி ஹாப்கின்ஸ் முகம்தான் வரும். அவருக்கு ஐந்து வருடம் முன்பே அந்தப் பாத்திரத்தை முதலில் திரைக்குக் கொண்டுவந்தவர் காக்ஸ். தேர்வின்போது அவரை முதுகைக் காட்டி நின்று வசனம் சொல்லச் சொன்னார்களாம். அவர்களுக்கு வேண்டியிருந்தது குரல். படத்தில் அவர் வருவது சில நிமிடங்கள்தான். அதில் ஒரு தொலைபேசிக் காட்சி உண்டு. சிறை அறையில் இருந்தபடி, எண் சுழற்ற வழியில்லாத தொலைபேசியில் தந்திரமாக இணைப்பை எடுத்து, ஆபரேட்டரிடம் தனக்குக் கைகள் வழங்காது, நீங்களே எண்ணைப் போட்டுத் தர முடியுமா என்று கேட்பார். அடுத்துப் பேசும் அலுவலகப் பெண்ணிடம் ஒரு பதிப்பகத்துக்காரர்போல அரட்டையடித்து, தன்னைப் பிடித்த துப்பறிவாளரின் வீட்டு முகவரியை வாங்கிவிடுவார். மிரட்டல் கிடையாது, கண்ணை உருட்டுவது கிடையாது. வங்கியில் கவுண்டருக்கு அந்தப் பக்கம் இருப்பவரிடம் பேசுகிற மாதிரி ஒரு குரல். முகவரி அவர் கைக்கு வந்ததும் நமக்கு வயிற்றைப் பிசைகிறது. 1958இல் கிளாஸ்கோவில் தூக்கிலிடப்பட்ட பீட்டர் மானுவல் என்ற கொலைகாரனை மனதில் வைத்து அந்த வேடத்தைச் செய்ததாக காக்ஸ் சொல்லியிருக்கிறார். அந்த ஆள் தன் வழக்கறிஞர்களை விலக்கிவிட்டு நீதிமன்றத்தில் தானே வாதாடியவன்.

ஒரு வேடிக்கை. 1986இல் லண்டன் நேஷனல் தியேட்டரில் ஷேக்ஸ்பியரின் லியர் மன்னனாக நடித்துக்கொண்டிருந்தவர் ஹாப்கின்ஸ். 1990இல் அதே தியேட்டரில் லியராக நடித்தவர் காக்ஸ். அடுத்த வருடமே 'சைலன்ஸ் ஆஃப் தி லாம்ப்ஸ்' படத்தில் ஹாப்கின்ஸின் ஹானிபல் வெளியானது, அவர் ஆஸ்கர் வாங்கிக்கொண்டு போனார். இருவரும் வேடத்தை மாற்றிக்கொண்டார்கள், பரிசு மட்டும் ஒரு பக்கம் போய்விட்டது. எனக்கு காக்ஸின் ஹானிபல்தான் அதிகம் பிடிக்கும். சண்டைக்கு வருகிறவர்கள் வரலாம்.

லியருக்கு முன்னால், 1987இல், ஸ்ட்ராட்ஃபர்டின் ஸ்வான் அரங்கில் 'டைட்டஸ் ஆன்ட்ரோனிகஸ்'. இயக்கியவர் டெபோரா வார்னர். இரண்டாவது ஒலிவியே அதற்குத்தான். ஷேக்ஸ்பியரின் மகா ரத்தக்களறியான நாடகம் அது. மகன்களின் வெட்டிய தலைகளைக் கொண்டுவந்து வைத்ததும் டைட்டஸ் சிரிக்க ஆரம்பிப்பார். ஏன் சிரிக்கிறாய் என்று தம்பி கேட்டால், சிந்துவதற்கு இனி ஒரு சொட்டுக் கண்ணீர்கூட இல்லையே என்பார். அந்தச் சிரிப்பை எந்த ஸ்தாயியில் எடுப்பது? ஒரு நூலிழை பிசகினால் அரங்கமே தப்பான இடத்தில் சிரித்துவிடும். நாடகம் போடுகிற உங்களுக்கு இந்தப் பயம் தெரியும். தன் மேடை வேலையில் சிறந்தது இதுதான் என்பது காக்ஸின் கணக்கு.

லண்டன் மேடையில் கதாநாயகனாக இருந்தவர், ஐம்பதை நெருங்கும்போது அமெரிக்காவுக்குப் போய் ஐந்தாவது ஆறாவது பெயராக வரத் துணிந்தார். 'பிரேவ்ஹார்ட்'டில் சித்தப்பா, 'ரஷ்மோர்' படத்தில் தலைமையாசிரியர், 'பார்ன்' படங்களில் உளவு அதிகாரி, 'எக்ஸ்-மென்' இரண்டாம் படத்தில் வில்லன். 'டிராய்' படத்தில் அகமெம்னானாகக் கொஞ்சம் அதிகமாகவே கத்துவார், அதை விட்டுவிடுவோம். 'அடாப்டேஷன்' மட்டும் அவசியம் பாருங்கள். திரைக்கதை வகுப்பு எடுக்கும் ராபர்ட் மெக்கீயாக வந்து, நிஜ வாழ்க்கையில் எதுவுமே நடப்பதில்லையே என்று கேட்கிற மாணவரை நிற்க வைத்துப் பொரிந்து தள்ளுவார். லோகன் ராய் பதினாறு வருடம் முன்பே அந்த வகுப்பில் உட்கார்ந்திருக்கிறார்.

லோகனும் டண்டீயில் பிறந்தவர்தான், கவனித்தீர்களா? தொடக்கத்தில் அப்படி இல்லை. கனடாவின் கியூபெக்கில் பிறந்தவர் என்றுதான் எழுதியிருந்தார்கள். முதல் சீசன் முடியப்போகும் நேரத்தில், உங்கள் பிறந்த ஊரை டண்டீ என்று மாற்றிவிட்டார்கள் என்று சக நடிகர் ஒருவர் வந்து சொல்லித்தான் காக்ஸுக்கே தெரிந்ததாம்.

நீங்கள் டப்பிங் செய்கிறவர் என்பதால் இதைக் கொஞ்சம் நீட்டிச் சொல்கிறேன். பிபிசி ரேடியோ 4இல் 'மெக்லெவி' என்று ஒரு நாடகத் தொடர், 1999 முதல் 2016 வரை வந்தது. எழுதியவர் டேவிட் ஆஷ்டன். 19ஆம் நூற்றாண்டு எடின்பரோ, லீத் துறைமுகம், மழை, கள்ளக்கடத்தல், ஒரு போலீஸ் இன்ஸ்பெக்டர். காக்ஸ்தான் இன்ஸ்பெக்டர். விளக்கை அணைத்துவிட்டு ஹெட்போனில் கேட்டுப்பாருங்கள். காபிக் கோப்பையைக் கீழே வைத்துவிட்டு அடுத்த வார்த்தையைத் தொடங்குவதற்கு முன் ஒரு மூச்சு விடுவார். அந்த மூச்சிலேயே எதிராளி சொன்னதை அவர் நம்பவில்லை என்று தெரிந்துவிடும். ஹாலிவுட் படங்களில் நடித்துக்கொண்டிருந்த அதே வருடங்களில் இந்த வானொலி வேலையை அவர் விடவில்லை. வீடியோ கேம்களிலும் அவர் குரல் உண்டு. 2003இல் வந்த 'மேன்ஹன்ட்' விளையாட்டில் நாயகனின் காதுக்குள் இருந்துகொண்டு அவனைக் கொலைக்கு ஏவுகிற குரல் இவருடையது. 2024இல் 'லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' உலகத்து ரோஹிரிம் போர் பற்றிய அனிமே படத்தில் ஹெல்ம் மன்னனின் குரல். பர்கர் விளம்பரம் இந்த வரிசையில் ஒன்று. அவருக்கு அதில் கூச்சம் இருப்பதாகத் தெரியவில்லை. நமக்கு மட்டும் ஏன்?

எடின்பரோ நாட்களில் ஃபுல்டன் மக்காய் என்ற மூத்த நடிகர் அவரிடம், நட்சத்திரமாவதைப் பற்றி யோசிக்காதே, நல்ல நடிகனாக இரு என்கிற மாதிரி சொல்லியிருக்கிறார். வாலிப வயதில் அது காதில் ஏற நாளாகியிருக்கும். ஆனால் எண்பதை நெருங்கும் வயதில், 2025இல், புகழ் எல்லாம் வந்த பிறகு, அவர் எங்கே போய் நின்றார் தெரியுமா? டண்டீ ரெப்பர்ட்டரி தியேட்டரில். பழைய கட்டடம் எரிந்த பிறகு வேறு இடத்தில் கட்டியது. ஜேம்ஸ் கிரஹாம் எழுதிய 'மேக் இட் ஹாப்பன்' நாடகத்தில், ஒரு வங்கி சரியும் கதைக்குள் பழைய பொருளாதார மேதை ஆடம் ஸ்மித்தின் ஆவியாக வந்தார். பொருளாதாரம் பேசுகிற பேய்!

எனவே 72ஐ நம்பிக் காத்திருக்காதீர்கள். காக்ஸ் காத்திருக்கவில்லை, அடுத்த ஒத்திகைக்குப் போய்க்கொண்டிருந்தார். உங்கள் கடிதத்தில் ஆறுதல் என்று எழுதியிருந்தீர்களே, அந்தச் சொல்தான் எனக்கு இடித்தது. அலுவலகம் விட்டு வந்து ஒத்திகை பார்க்கிறவருக்கு யார் என்ன ஆறுதல் சொல்ல வேண்டியிருக்கிறது?

அப்புறம் பிஸ்கட். போய்க் கொடுத்துவிட்டு வாருங்கள். எவ்வளவு தருகிறார்கள் என்று முன்கூட்டியே கேட்டு எழுதி வாங்கிக்கொள்ளுங்கள், இந்தத் தொழிலில் வாய்வார்த்தை வேலைக்காகாது. எனக்கு ஒரு நாடக நண்பர் இருந்தார், இன்றைக்கும் அவருக்கு ஒரு பாக்கி வரவேண்டியிருக்கிறது. விளம்பரம் எந்த சேனலில் வருகிறது என்று மட்டும் எழுதுங்கள். மொறுமொறு என்று சொல்லும்போது அந்த இரண்டாவது 'மொறு'வை நீங்கள் எப்படிச் சொல்கிறீர்கள் என்று கேட்க வேண்டும்.