கோனாபட்டிலிருந்து ஜெர்மனிக்கு வேலை விசா: ஏஜென்ட்டுக்கு 3 லட்சம் கொடுக்கலாமா?

கேள்வி: சொந்த ஊர் கோனாபட்டு. பி.இ. மெக்கானிக்கல் முடித்து ஓசூரில் ஆறு வருஷமாக வேலை பார்க்கிறேன். ஜெர்மனிக்கு வேலை விசா எடுத்துத் தருவதாகச் சொல்லி ஒருவர் 3 லட்சம் கேட்கிறார். கொடுக்கலாமா? நாமே செய்ய முடியுமா?

பதில்:

கொடுக்காதீர்கள் தம்பி. நாமே செய்யலாம். நான் அப்படித்தான் செய்தேன்.

எனக்குப் பள்ளத்தூர். காரைக்குடி சிக்ரியில் பி.டெக். கெமிக்கல் அண்டு எலக்ட்ரோகெமிக்கல் படித்தேன். சென்னையில் ஏழு வருஷம் வேலை. 2025ல் புளூ கார்டுக்கான (பட்டதாரிகளுக்கு அங்கே தரும் வேலை, குடியிருப்பு அனுமதி) விசா வாங்கி, இப்போது ஸ்டுட்கார்ட் பக்கம் ஒரு சின்ன ஊரில் பேட்டரி சோதனைக்கூடத்தில் இருக்கிறேன். இந்தக் கேள்வியை நம் பக்கத்துப் பிள்ளைகள் என்னிடம் அடிக்கடி கேட்கிறார்கள். அதனால் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன்.

முதலில் ஒன்றைத் தெளிவாக்கிக்கொள்ளுங்கள். ஜெர்மனியில் புளூ கார்டுக்கு முதலில் வேலை, அப்புறம்தான் விசா. அங்கே உள்ள ஒரு கம்பெனி உங்கள் பெயரில் ஒப்பந்தம் போட்டுக் கையெழுத்திட்டால்தான் விண்ணப்பமே போட முடியும். வேலை கையில் இல்லாமல் "விசா எடுத்துத் தர்றேன்" என்று ஒருவர் சொன்னால், அவர் கையில் விற்க ஒன்றும் இல்லை என்று அர்த்தம். ஒப்பந்தம் கையில் இருந்தால், மிச்சம் இருப்பது படிவம் நிரப்புவதும் சான்றிதழ்களை வரிசைப்படுத்துவதும். அதற்கு 3 லட்சமா?

நானும் 2023ல் மதுரையில் ஒரு அலுவலகத்தில் 40,000 ரூபாய் முன்பணம் கட்டினேன். நாலு மாதம் கழித்து ஒரு ஃபைலைக் கொடுத்தார்கள். அதில் என் விண்ணப்பக் கடிதத்தில் வேறு யாரோ ஒரு பையனின் படிப்பு இருந்தது. பணம் திரும்பி வரவில்லை. அப்பச்சி (அப்பா) அதைப் பற்றி ஒரு வார்த்தை கேட்கவில்லை, அதுதான் இன்னமும் உறுத்துகிறது. வெளிநாட்டு வேலைக்கு ஆள் சேர்க்கும் ஏஜென்ட் யாராக இருந்தாலும் 1983ஆம் வருஷக் குடிபெயர்வுச் சட்டத்தின்படி பதிவு செய்திருக்க வேண்டும். வேலைக்குப் போகிறவரிடம் அவர் வாங்கக்கூடிய அதிகபட்சக் கட்டணம் 30,000 ரூபாயும் அதற்கான ஜிஎஸ்டியும். பதிவு பெற்றவர்களின் பட்டியல் மத்திய அரசின் இ-மைக்ரேட் தளத்தில் எல்லோரும் பார்க்கிற மாதிரி இருக்கிறது. உங்களிடம் பேசியவர் பெயரை அதில் தேடிப் பாருங்கள்.

இனி வேலைக்கு வருவோம். நான் தொடங்கச் சொல்வது பெயரிலிருந்து.

நம் பக்கத்தில் ஒரு ஆளுக்கு மூன்று பெயர் இருக்கும். வீட்டில் கூப்பிடுவது ஒன்று, பள்ளிக்கூடத்தில் சேர்க்கும்போது வாத்தியார் எழுதியது ஒன்று, பாஸ்போர்ட்டில் வந்தது ஒன்று. என் அப்பச்சி பெயர் 'சி'யில் தொடங்கும். பத்தாம் வகுப்பு மார்க்‌ஷீட்டில் என் இனிஷியல் எஸ். அதைப் பார்த்துத்தான் பட்டத்திலும் எஸ். ஆனால் பாஸ்போர்ட் எடுக்கும்போது அப்பச்சி தன் பெயரை சி, ஹெச் என்று தொடங்கி முழுசாக எழுதிவிட்டாக. கல்யாணத்துக்கு அப்புறம் ஆதாரில் வீட்டுக்காரர் இனிஷியல் ஏறியது. நமக்கு இதெல்லாம் ஒரே ஆள்தான். ஜெர்மன் அதிகாரிக்கு எஸ் என்ற எழுத்துக்கும் சி, ஹெச் என்று தொடங்கும் பெயருக்கும் என்ன உறவு என்று எப்படித் தெரியும்? இனிஷியல் என்ற வழக்கமே அங்கே கிடையாது.

நான் பாஸ்போர்ட்டை மறுபடி எடுத்தேன். பத்தாம் வகுப்பு மார்க்‌ஷீட்டை ஆதாரமாக வைத்துப் பெயரெழுத்தைத் திருத்தக் கேட்டேன். போலீஸ் விசாரணையோடு சேர்த்து ஆறு வாரம் ஆனது. எனக்கு சிவகங்கை மாவட்டம் என்பதால் மதுரை பாஸ்போர்ட் அலுவலகம். உங்கள் கோனாபட்டு புதுக்கோட்டை மாவட்டத்தில் வருவதால் திருச்சி. வேலை கிடைத்த பிறகு இதைச் செய்ய உட்கார்ந்தால் அந்த ஆறு வாரத்தில் கம்பெனிக்காரன் பொறுமை போய்விடும். இப்போதே செய்யுங்கள். பெயரையே மாற்றியிருந்தால் தமிழ்நாடு அரசிதழில் வெளியிட்டு அந்தப் பக்கத்தை வைத்துக்கொள்ள வேண்டும்.

அடுத்து பட்டம். உங்கள் பட்டத்தை ஜெர்மனி ஏற்குமா என்பதை அனாபின் என்ற அவர்கள் தளத்தில் பார்க்கலாம், காசு கிடையாது. இங்கேதான் பலர் குழம்புகிறார்கள். நான் முதலில் சிக்ரி என்று தேடினேன், எதுவும் கிடைக்கவில்லை. ஒரு வாரம் தூக்கம் இல்லை. சிக்ரி ஆராய்ச்சி நிலையம். பட்டம் கொடுப்பது அண்ணா பல்கலைக்கழகம். பட்டச் சான்றிதழின் தலையில் எந்தப் பல்கலைக்கழகத்தின் பெயர் இருக்கிறதோ அதைத்தான் தேட வேண்டும், நீங்கள் படித்த கல்லூரியின் பெயரை அல்ல. பல்கலைக்கழகத்துக்கு எச் பிளஸ், அதாவது அங்கீகாரம் உண்டு என்ற குறி, இருக்க வேண்டும். பட்டத்தின் வகை தனிப் பக்கத்தில் வரும், அதிலும் இணையானது என்று இருக்க வேண்டும். இரண்டு பக்கத்தையும் அச்செடுத்து வையுங்கள். இரண்டில் ஒன்று இல்லையென்றால் பான் நகரிலுள்ள இசட்.ஏ.பி. அலுவலகத்துக்கு 208 யூரோ கட்டி மதிப்பீட்டுச் சான்று வாங்க வேண்டும். பட்டத்துக்கு அபோஸ்டில் (வெளிநாட்டில் காட்ட அரசு போடும் முத்திரை) போட வேண்டும் என்று சொல்லி ஆயிரக்கணக்கில் கறப்பவர்கள் உண்டு. இந்த விசாவுக்கு அது தேவையில்லை.

அனுபவக் கடிதம் கம்பெனி லெட்டர்பேடில், நீங்கள் என்ன வேலை செய்தீர்கள் என்று விவரமாக இருக்கட்டும். "இன்ன தேதி முதல் இன்ன தேதி வரை பணிபுரிந்தார்" என்ற இரண்டு வரி போதாது.

வேலை தேடுவதைப் பற்றி அதிகம் சொல்லப்போவதில்லை. ஜெர்மன் அரசே நடத்தும் 'மேக் இட் இன் ஜெர்மனி' தளத்திலும், அவர்களுடைய வேலைவாய்ப்பு முகமையின் தளத்திலும், லிங்க்ட்இன்னிலும் தேடினேன். எட்டு மாதம் ஆனது. 2024 ஜூனிலிருந்து வாய்ப்பு அட்டை என்று ஒன்று உண்டு. ஆறு புள்ளி எடுத்தால் ஒரு வருஷம் அங்கேயே போய்த் தங்கி வேலை தேடலாம், வாரம் 20 மணி நேரம் வேலையும் செய்யலாம். ஆனால் 2025 கணக்குப்படி மாதத்துக்கு 1,091 யூரோ வீதம் முடக்கக் கணக்கில் (முன்னாடியே பணத்தைப் போட்டுவிட்டு மாதாமாதம் கொஞ்சமாக எடுக்கும் வங்கிக் கணக்கு) பணம் காட்ட வேண்டும். ஆறு வருஷ அனுபவம் இருக்கிற நீங்கள் ஓசூரில் சம்பளம் வாங்கிக்கொண்டே தேடுவதுதான் நல்லது என்பது என் எண்ணம். ஒப்பந்தத்தோடு புளூ கார்டுக்குப் போகிறவர் முடக்கக் கணக்கு காட்டத் தேவையே இல்லை. அதற்காகவும் காசு கேட்கிறார்கள், கவனம்.

இப்போது ஒப்பந்தம். நான் தவறவிட இருந்த இடம் இதுதான்.

எங்கள் வீட்டு இரண்டாம் கட்டில் ஒரு தகரப் பெட்டி இருக்கிறது. அதில் ஐயாவோட (தாத்தாவோட) அப்பச்சி ரங்கூனுக்குக் கொண்டுவிக்க, அதாவது தொழில் பார்க்க, போனபோது எழுதிய சம்பளச் சீட்டு இருக்கிறது. எந்த ஊர்க் கடை, மூன்று வருஷத் தவணை, தவணைக்கு இவ்வளவு சம்பளம், அதில் முன்பணம் இவ்வளவு என்று எல்லாம் வரி வரியாக. காகிதம் மடித்த இடத்தில் கிழிந்துவிட்டது, மை இன்னும் கறுப்பாகவே இருக்கிறது. சின்ன வயதில் ஐயா அதை எனக்குப் படித்துக் காட்டும்போது ஒவ்வொரு வரிக்கும் கீழே விரலை வைத்து நகர்த்துவாக. "வாயால சொன்னது கப்பல் ஏறாது ஆத்தா, எழுதுனதுதான் ஏறும்" என்பாக.

2025 பிப்ரவரியில் எனக்கு ஒப்பந்தம் மின்னஞ்சலில் வந்தது. வருஷத்துக்கு 46,000 யூரோ என்று பேசியிருந்தோம். வீடு முழுக்க சந்தோஷம். ஆத்தா கொப்புடையம்மன் கோயிலுக்குப் போய் வந்துவிட்டாக. இரவு உட்கார்ந்து ஐயா மாதிரியே விரலை வைத்துப் படித்தேன். அடிப்படைச் சம்பளம் 43,500. மீதி 2,500 வருஷக் கடைசியில் கம்பெனியின் லாபத்தைப் பொறுத்துத் தரும் போனஸ்.

புளூ கார்டுக்குச் சம்பள வரம்பு உண்டு. 2025க்குப் பொது வரம்பு 48,300 யூரோ. இன்ஜினியர்கள் ஆள் பற்றாக்குறைத் தொழிலில் வருவதால் குறைந்த வரம்பு, 43,759.80 யூரோ. உறுதியாகக் கிடைக்கும் சம்பளம்தான் கணக்கு; லாபத்தைப் பொறுத்த போனஸ் சேராது. எனக்கு 259 யூரோ 80 சென்ட் குறைந்தது. அன்றைய மதிப்பில் நம் பணத்துக்கு மாதம் இரண்டாயிரம் ரூபாய்கூட இல்லை. அப்படியே விண்ணப்பித்திருந்தால் புளூ கார்டு கிடைத்திருக்காது.

மறுநாள் காலை கம்பெனிக்கு எழுதினேன். கெஞ்சவில்லை. வரம்பு எவ்வளவு, ஒப்பந்தத்தில் உறுதியான தொகை எவ்வளவு, வித்தியாசம் எவ்வளவு என்று மூன்று வரி. இரண்டு வாரத்தில் அடிப்படைச் சம்பளம் 44,500, போனஸ் 1,500 என்று திருத்தி அனுப்பினார்கள். அவர்களுக்கும் மொத்தம் ஒன்றுதான். நான் கேட்காமல் இருந்திருந்தால் அவர்களாகக் கவனித்திருக்க மாட்டார்கள். இந்த வரம்பு ஒவ்வொரு ஜனவரியிலும் மாறும். 2026க்குப் பொது வரம்பு 50,700, பற்றாக்குறைத் தொழிலுக்கு 45,934.20. நீங்களும் இன்ஜினியர் என்பதால் இரண்டாவது எண்ணைத்தான் பார்க்க வேண்டும். ஒப்பந்தத்தோடு, வேலை பற்றிய உறுதிமொழிப் படிவம் ஒன்றையும் கம்பெனியே நிரப்பிக் கையெழுத்திட்டுத் தர வேண்டும். அதில் உள்ள சம்பளமும் ஒப்பந்தத்தில் உள்ள சம்பளமும் ஒரே எண்ணாக இருக்கிறதா என்று பாருங்கள்.

அவசரம் என்றால் கம்பெனியே அங்குள்ள வெளிநாட்டவர் அலுவலகத்தில் 411 யூரோ கட்டி விரைவு நடைமுறை கேட்கலாம். எனக்கு அது தேவைப்படவில்லை.

2025 ஜனவரியிலிருந்து விண்ணப்பம் முழுக்க ஜெர்மன் வெளியுறவுத் துறையின் கான்சுலர் சர்வீசஸ் போர்ட்டலில்தான். கேள்விகளுக்குப் பதில் சொல்லிக்கொண்டே போனால், எந்தெந்தச் சான்றிதழை ஏற்ற வேண்டும் என்று அதுவே கேட்கும். என்னிடம் ஒரு பக்கத்தை மறுபடி ஸ்கேன் செய்து ஏற்றச் சொன்னார்கள், அவ்வளவுதான். அதற்குப் பிறகு சென்னையில் நேரில் வரத் தேதி கிடைத்தது. முதல் நாள் அதிகாலைப் பல்லவனில் கிளம்பி, மாம்பலத்தில் சித்தி வீட்டில் தங்கி, மறுநாள் காலை போனேன். அசல் சான்றிதழ்கள், கைரேகை, 75 யூரோவுக்கு ஈடான கட்டணம் ரூபாயில். கவுன்ட்டரில் இருந்த பெண் பாஸ்போர்ட், பட்டம், ஒப்பந்தம் மூன்றையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, பென்சில் நுனியால் என் பெயரை எழுத்து எழுத்தாகத் தொட்டுக்கொண்டே போனாள். மூன்றிலும் ஒரே எழுத்து. தலையாட்டிவிட்டு அடுத்த பக்கம் திருப்பினாள். அந்த ஆறு வாரம் அங்கே எனக்குத் திரும்பக் கிடைத்தது. ஐந்தாவது வாரம் பாஸ்போர்ட் விசாவோடு வந்தது.

இங்கே இறங்கியதும் வீடு கிடைத்த இரண்டு வாரத்துக்குள் நகராட்சியில் முகவரி பதிய வேண்டும், வாடகை வீட்டின் உரிமையாளர் கையெழுத்திட்ட தாள் வேண்டும். சம்பளக் கணக்கு, வரி எண், புளூ கார்டு எல்லாமே அந்த முகவரியைப் பிடித்துக்கொண்டுதான் வரும். ஜெர்மன் மொழி விசாவுக்குக் கேட்கவில்லை; ஆனாலும் படியுங்கள். பி1 நிலை முடித்தவருக்கு 21 மாதத்தில் நிரந்தரக் குடியிருப்பு, ஏ1 என்ற தொடக்க நிலை மட்டும் என்றால் 27 மாதம். அதைவிட, மருந்துக் கடையில் காய்ச்சலுக்கு என்ன வேண்டும் என்று சொல்லத் தெரியாமல் நின்ற அந்த முதல் நவம்பர் உங்களுக்கு வேண்டாம்.

கல்யாணம் ஆனவர் என்றால் இதையும் கேளுங்கள். புளூ கார்டுக்காரரின் துணைக்கு மொழித் தேர்வு கிடையாது, வந்த அன்றே வேலைக்குப் போகலாம். ஆனால் திருமணப் பதிவுச் சான்றிதழ் வேண்டும். வீட்டுக்காரர் விசாவுக்குச் சான்று கேட்கிறார்கள் என்றதும், ஆத்தா பெட்டகத்தைத் திறந்து எங்கள் இசைகுடிமானத்தை (கல்யாண ஒப்பந்தச் சீட்டை) எடுத்துவந்து நீட்டினாக. இரண்டு வீட்டாரும் கையெழுத்திட்டு, கோயில் பெயரோடு எழுதியது. எங்களுக்கு அதைவிடப் பெரிய சான்று இல்லை. அதை வாங்கிக் கண்ணில் ஒற்றிக்கொண்டுதான் திரும்பக் கொடுத்தேன். கவுன்சுலேட்டுக்கு வேண்டியது 2009ஆம் வருஷச் சட்டப்படி பதிவு அலுவலகத்தில் செய்த பதிவு. கல்யாணம் முடிந்து 90 நாளுக்குள் பதிய வேண்டும், தாமதக் கட்டணத்தோடு 150 நாள் வரை. நாங்கள் அதைத் தள்ளிப்போட்டதில் அவர் எனக்கு ஏழு மாதம் பின்னால்தான் வந்தார்.

இன்று இரவே உங்கள் பத்தாம் வகுப்பு மார்க்‌ஷீட், பட்டச் சான்றிதழ், பாஸ்போர்ட் மூன்றையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பெயரை எழுத்துக் கூட்டிப் படியுங்கள். எங்கேயாவது ஒரு எழுத்து மாறியிருந்தால் எது எதில் எப்படி இருக்கிறது என்று இங்கேயே கேளுங்கள், எதைத் திருத்துவது சுலபம் என்று சொல்கிறேன்.